வடசென்னைப் படங்களில் பழைய காட்சிகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ராயபுரம், காசிமேடு, தண்டையார்பேட்டை, வியாசர்பாடி, பெரம்பூர், எண்ணூர் பக்கம் ஆவணப்படமோ, டி.வி. நிகழ்ச்சியோ, பீரியட் படமோ எடுப்பவர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளுக்கான பதில்கள் இவை. சட்டம் பற்றிய பகுதி பொதுவான விளக்கம்தான். ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் முன் ஒரு வக்கீலிடம் காட்டிவிடுங்கள்.

ஆர்கைவ் ஃபுட்டேஜும் ஸ்டாக் ஃபுட்டேஜும் ஒன்றா?

இல்லை. சூரிய உதயம், டிராஃபிக், கடலலை என்று எந்தப் படத்திலும் போட்டுக்கொள்ளலாம் என்ற எண்ணத்தோடு எடுத்து விற்பது ஸ்டாக். ஆர்கைவ் என்பது வேறு காரணத்துக்காக, வேறு நாளில், வேறு யாரோ எடுத்தது: செய்திச் சுருள், தூர்தர்ஷன் டேப், கட்சி மாநாட்டு வீடியோ, கல்யாண கேசட், சுனாமி அன்று யாரோ ஹேண்டிகேமில் பிடித்த 40 விநாடி. ஸ்டாக்கில் இடம் மாறினால் பார்ப்பவருக்குப் பெரிய நஷ்டமில்லை. ஆர்கைவில் இடமோ வருடமோ மாறினால் அது பொய்.

படத்தில் அதற்கு உண்மையில் என்ன வேலை?

ஆவணப்படத்தில் சாட்சி. சொல்பவர் சொல்கிறார், காட்சி அதற்குக் கையெழுத்துப் போடுகிறது. டி.வி.யில் பெரும்பாலும் இடைவெளியை நிரப்பத்தான் போடுகிறார்கள். அந்தப் பழக்கத்தில்தான் பாதித் தவறுகள் பிறக்கின்றன.

கதைப்படத்தில் இதன் பெரிய உபயோகம் திரையில் தெரியாது. ஆர்ட் டைரக்டரும் காஸ்ட்யூமரும் பழைய காட்சியை ஃப்ரேம் ஃப்ரேமாக நிறுத்திப் பார்ப்பார்கள்: டீக்கடை பெஞ்சின் உயரம், லுங்கியைக் கட்டியிருக்கும் விதம், தெருக்குழாயடியில் குடங்களின் வரிசை, அவை பித்தளையா பிளாஸ்டிக்கா. இந்த ஆராய்ச்சிக்கு மாஸ்டர், அதாவது முழுத் தரப் பிரதி, தேவையில்லை, வாட்டர்மார்க் போட்ட பார்வைப் பிரதியே போதும்.

வடசென்னைக்கு எவ்வளவு பழைய காட்சி கிடைக்கும்?

எதிர்பார்ப்பை முதலில் இறக்கிவையுங்கள். ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடுக்கு முதல் ரயில் போனது 1856இல். லூமியேர் சகோதரர்கள் பாரிசில் கட்டணம் வாங்கிப் படம் காட்டியது 1895இல். முதல் ரயிலுக்கு அசையும் படம் இருக்கவே முடியாது. ஜெர்மன் போர்க்கப்பல் எம்டன் 1914 செப்டம்பர் 22 இரவு துறைமுகத்தின் அருகே எண்ணெய்த் தொட்டிகளைச் சுட்டு எரித்ததற்குப் புகைப்படங்கள் உண்டு. ஆனால் அந்த வரி வந்ததும் ஏதாவது ஒரு போர்க்கப்பலின் பீரங்கி வெடிப்பை ஒட்டிவிடுகிறார்கள். புகைப்படத்தையே மெதுவாக நகர்த்திக் காட்டுங்கள், நேர்மையாகவும் இருக்கும்.

1940களிலிருந்து நிலைமை கொஞ்சம் மேல். பிரிட்டிஷ் அரசின் இன்ஃபர்மேஷன் ஃபிலிம்ஸ் ஆஃப் இந்தியா, 1948இல் தொடங்கிய ஃபிலிம்ஸ் டிவிஷன், 1975 ஆகஸ்ட் 15இல் ஒளிபரப்பைத் தொடங்கிய சென்னைத் தூர்தர்ஷன் என்று வரிசை வரும். ஆனால் இந்தக் கேமராக்கள் இங்கே எதற்கு வந்தன என்று யோசித்துப் பாருங்கள். 1955 அக்டோபர் 2இல் நேரு பெரம்பூர் ரயில் பெட்டித் தொழிற்சாலையை (ஐ.சி.எஃப்.) திறந்துவைத்தார். அந்த மாதிரி அரசு விழாவுக்குச் செய்திச் சுருள் தேடுவதில் அர்த்தம் உண்டு. அதே வருடம் சூளையிலோ புளியந்தோப்பிலோ நடந்த குத்துச்சண்டைக்குத் தேடினால் கைக்கு எதுவும் வராமல் போகத்தான் வாய்ப்பு அதிகம். திறப்பு விழா, வேலைநிறுத்தம், தீ விபத்து, வெள்ளம், கைது. வெளியிலிருந்து வந்த கேமரா எங்களைப் பார்த்தது பெரும்பாலும் இந்த ஐந்து சமயங்களில்தான். சாதாரண நாள் வேண்டுமென்றால் வீடுகளில்தான் தேட வேண்டும்.

எங்கே, எப்படித் தேடுவது?

ஃபிலிம்ஸ் டிவிஷனும் 1964இல் புனேயில் அமைந்த தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகமும் 2022இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு (என்.எஃப்.டி.சி.) இணைக்கப்பட்டுவிட்டன. கடிதம் அந்தப் பெயருக்குப் போக வேண்டும். தூர்தர்ஷன் பொருளுக்கு பிரசார் பாரதி ஆர்கைவ்ஸ். வெளிநாட்டில் பிரிட்டிஷ் பாதே (2014இல் சுமார் 85,000 படங்களை யூடியூபில் ஏற்றினார்கள்), பிரிட்டிஷ் மூவிடோன், ஏ.பி. ஆர்கைவ், லண்டனின் இம்பீரியல் வார் மியூசியம்.

தேடும் சொல்லில்தான் சூட்சுமம். சென்னை என்று அடித்தால் 1996க்கு முந்தையது பெரும்பாலும் வராது, மெட்ராஸ் என்று அடியுங்கள். வண்ணாரப்பேட்டைக்கு வாஷர்மன்பேட், பாரிமுனைப் பக்கத்துக்கு ஜார்ஜ் டவுன், அதற்கும் பழையதற்கு பிளாக் டவுன். பின்னி மில் என்று நாம் சொல்வது கேட்லாக்கில் பக்கிங்ஹாம் அண்ட் கர்நாடிக் மில்ஸ். ஆங்கில எழுத்துக்கூட்டலை இரண்டு மூன்று விதமாக மாற்றிப் போடுங்கள். ஊர்ப் பெயரே இல்லாமல் துறைமுகம், மீனவர், நெசவாலை, தென்னிந்தியா என்று மட்டும் குறித்த ரீல்களும் உண்டு. கேட்லாக் விவரத்தை நம்பி நிறுத்திவிடாமல் காட்சியை ஓட்டிப் பாருங்கள். லண்டனில் உட்கார்ந்து கார்டு எழுதியவருக்கு காசிமேடும் கோவளமும் ஒரே கடற்கரைதான்.

கிளிப்பில் இருப்பது நம்ம ஏரியாதானா, எந்த வருடம் என்று எப்படி உறுதி செய்வது?

ஒரே தடயத்தை வைத்து முடிவுக்கு வராதீர்கள். குறைந்தது இரண்டு, அதுவும் ஒன்றையொன்று சாராதவை வேண்டும்.

முதலில் காட்சி திரும்பியிருக்கிறதா என்று பாருங்கள். ஃபிலிமை மறுபக்கமாக மாட்டி ஸ்கேன் செய்தால் இடம் வலமாகிவிடும். போர்டில் எழுத்து இருந்தால் உடனே தெரியும். கடற்கரைக் காட்சியில் எழுத்தே இருக்காது, அங்கேதான் ஏமாறுவோம். நமக்குக் கடல் கிழக்கே. வடக்குப் பார்த்து நின்றால் வலக்கைப் பக்கம் கடல். வேட்டி மடிப்பு, சட்டைப் பொத்தான், புடவை முந்தானை எந்தத் தோளில் என்பதையும் ஒப்பிடலாம்.

அடுத்து போர்டுகள். 1978இல் அரசு எழுத்துச் சீர்திருத்தத்தை ஏற்றது. ‘லை’, ‘னை’, ‘ணை’ ஆகியவற்றின் கொம்பு போட்ட பழைய வடிவம் அதற்கு முந்தைய கடைப் பலகைகளில் இருக்கும். ஆனால் யாரும் மறுநாளே பலகையை மாற்றவில்லை, ஆகவே பழைய எழுத்து மட்டும் 1978க்கு முன் என்பதற்குச் சான்றாகாது. புது எழுத்தும் முழுச் சான்றல்ல. பெரியாரின் பத்திரிகைகள் 1930களிலிருந்தே சீர்திருத்த எழுத்தில் வந்தன. திராவிட இயக்கப் படிப்பகங்கள் நிறைந்த பகுதியில் அந்த எழுத்து முன்பே சுவரேறியிருக்கலாம்.

டிராம் ஓடினால் 1953 அல்லது அதற்கு முன். பஸ்ஸில் பல்லவன் என்று இருந்தால் 1972க்குப் பிறகு. வண்டி நம்பரில் எழுத்துகளை அடுத்து ஆர்.டி.ஓ. எண் வந்தால் அது 1988 மோட்டார் வாகனச் சட்டத்துக்குப் பிந்தைய முறை. எண்ணூர் பக்கம் அனல் மின் நிலையப் புகைபோக்கிகள் தெரிந்தால் அவை எத்தனை, எந்தப் பக்கம் என்று எண்ணிப் பாருங்கள்: பழைய எண்ணூர் நிலையம் 1970களின் தொடக்கத்தில் வந்தது, வடசென்னை அனல் மின் நிலையம் 1990களில்.

சினிமா போஸ்டர்தான் எல்லோருக்கும் பிடித்த காலண்டர். அதிலும் ஒரு பொறி உண்டு. இந்தப் பக்கத்துத் தியேட்டர்களில் பழைய படங்களை மறுபடி மறுபடி ஓட்டினார்கள். படம் வெளியான வருடத்துக்கு முன் இந்தக் காட்சி எடுக்கப்பட்டிருக்க முடியாது என்பதை மட்டும்தான் போஸ்டர் சொல்லும். அதே வருடம் என்று சொல்லாது.

ஒரிஜினல் ஃபிலிம் கையில் இருந்தால் ஓரத்தைப் பாருங்கள். கோடாக் ஃபிலிமின் விளிம்பில் வட்டம், சதுரம், முக்கோணம் என்று சின்னங்கள் இருக்கும், அவை ஃபிலிம் தயாரான வருடத்தைக் குறிப்பவை. ஒரே சின்னம் 20 வருடத்துக்கு ஒருமுறை திரும்ப வரும் என்பதால் காட்சியோடு சேர்த்துத்தான் படிக்க வேண்டும். பிரிண்ட் என்றால் நெகட்டிவின் குறியும் பிரிண்டின் குறியும் ஒன்றின்மேல் ஒன்று தெரியலாம், இரண்டையும் குழப்பிக்கொள்ளாதீர்கள்.

கடைசியாக அந்தத் தெருவில் 60 வயதைக் கடந்த மூன்று பேரிடம் தனித்தனியாகக் காட்டுங்கள். சேர்த்து உட்கார வைத்தால் முதலில் பேசியவர் சொன்னதையே மற்ற இருவரும் சொல்வார்கள்.

சுனாமி, வெள்ளக் காட்சிகளில் தனியாகக் கவனிக்க வேண்டியது உண்டா?

உண்டு. 2004 டிசம்பர் 26 என்று எழுத்துப் போட்டு 2011 ஜப்பான் காட்சியை ஓட்டுவது இன்றும் நடக்கிறது. கறுப்புத் தண்ணீர், கார்கள் மிதப்பது, கான்கிரீட் கரை தெரிந்தால் சந்தேகப்படுங்கள். 2015 வெள்ளத்தையும் 2023 மிக்ஜாம் வெள்ளத்தையும் பிரிக்க, மொபைல் கிளிப்பின் மூல ஃபைலைக் கேளுங்கள். வாட்ஸ்அப்பில் வந்ததில் எடுத்த தேதி இருக்காது, அனுப்பிய தேதிதான் மிஞ்சும்.

எத்தனை வருடம் ஆனால் உரிமை முடியும்?

இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957இன்படி திரைப்படத்துக்கு, வெளியான வருடத்துக்கு அடுத்த ஜனவரி 1 முதல் 60 வருடம். 1960இல் வெளியானதற்கு 2020 டிசம்பர் 31 வரை. அரசுப் படைப்புக்கும் அதே 60. ஒளிபரப்பு நிறுவனத்தின் தனி உரிமை 25 வருடம், ஆனால் அது ஒளிபரப்புக்கு மட்டும். உள்ளே இருக்கும் படத்துக்கும் பாட்டுக்கும் தனிக் கணக்கு.

இரண்டு விஷயம் மறந்துபோகும். ஒன்று, கணக்கு தொடங்குவது வெளியானதிலிருந்து. பரணில் தூங்கிய ரீலுக்கு அந்தக் கணக்கு தொடங்கவே இல்லை. இரண்டு, இந்தியாவில் உரிமை முடிந்தாலும் வேறு நாட்டில் முடிந்திருக்க வேண்டியதில்லை. உலகம் முழுக்க ஓ.டி.டி.யில் போவதானால் இது பெரிய தலைவலி. உரிமை முடிந்த காட்சிக்கும் மாஸ்டர் பிரதி தருவதற்குக் காப்பகம் கட்டணம் கேட்கலாம். அது நியாயமும்கூட, ஸ்கேன் செய்வது சும்மா நடப்பதில்லை.

யூடியூபில் இருக்கிறதே, 10 விநாடிக்குக் குறைவாக எடுத்தால் பரவாயில்லையா?

அப்படி ஒரு விநாடிக் கணக்கு சட்டத்தில் எங்கும் இல்லை. 52ஆம் பிரிவு விமர்சனம், நடப்புச் செய்தி போன்றவற்றுக்கு நியாயமான பயன்பாட்டை அனுமதிக்கிறது. காட்சியைப் பற்றிப் பேசினால் வாதாட இடம் உண்டு. பின்னணிக்கு அழகாக இருக்கிறது என்று போட்டால் இல்லை. ஏற்றியவரே உரிமையாளர் என்றும் எண்ண வேண்டாம். அவர் அனுமதி கொடுத்து, பிறகு நிஜ உரிமையாளர் வந்து நின்றால் மாட்டுவது நீங்கள்.

லைசென்ஸ் கடிதத்தில் எதைப் பார்க்க வேண்டும்?

எந்த ஊடகம், எந்த நாடுகள், எத்தனை வருடம், எத்தனை விநாடி. டிரெய்லருக்கும் போஸ்டருக்கும் சேர்த்தா, தனியா. பல இடங்களில் குறைந்தபட்ச நீளம் வைத்திருப்பார்கள், 4 விநாடி பயன்படுத்தினாலும் அந்த முழு நீளத்துக்குக் காசு. கையில் பணம் இல்லாவிட்டால் முதலில் திரைப்பட விழாவுக்கு மட்டும் வாங்குங்கள். ஆனால் பிறகு ஓ.டி.டி.க்கு உயர்த்த என்ன விலை என்பதை அன்றே அதே கடிதத்தில் எழுதி வாங்கிவிடுங்கள். படம் விற்ற பிறகு கேட்டால் விலை வேறு மாதிரிப் பேசும்.

பெரும்பாலான காப்பகங்கள் தங்கள் காட்சிக்கு மட்டும்தான் உரிமை தரும். அதில் ஒலிக்கும் பாட்டு, தெரியும் நபர், சுவரில் இருக்கும் ஓவியம் ஆகியவற்றுக்கு உங்கள் பொறுப்பு என்று ஒரு வரி இருக்கும். அந்த வரியைத் தேடிப் பிடித்துப் படியுங்கள்.

கல்யாண வீடியோவை ஏன் இவ்வளவு வற்புறுத்துகிறீர்கள்?

1980களின் நடுவிலிருந்து 2000 வரை இந்தத் தெருக்களைச் சாவகாசமாகப் படம் பிடித்த கேமரா அது ஒன்றுதான். மண்டபத்துக்குள் நடப்பது குடும்பத்துக்கு. மாப்பிள்ளை ஊர்வலம்தான் நமக்கு: பேண்டு வாத்தியம், பெட்ரோமாக்ஸ் விளக்கு, பின்னால் கடைகள், கட் அவுட், வேடிக்கை பார்க்கும் பிள்ளைகள். மஞ்சள் நீராட்டு, ஆடி மாதக் கூழ் ஊற்றும் விழா, கேரம் போட்டி, கானா கச்சேரி, சாவு ஊர்வலம் எல்லாவற்றுக்கும் கேசட் உண்டு. கேட்கிற விதத்தில் கேட்டால் “அது எங்க கீதோ, பரண் மேல பாக்கணும்பா” என்று ஆரம்பித்து எடுத்துத் தருவார்கள்.

உரிமை யாருக்கு? 17ஆம் பிரிவின்படி, காசு கொடுத்து எடுக்கச் சொன்ன படத்துக்கு, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், எடுக்கச் சொன்னவரே முதல் உரிமையாளர். வீடியோக்காரர் அல்ல. ஆனாலும் ஒரிஜினல் டேப் ஸ்டுடியோவில் இருக்கலாம், ஆகவே அந்த அண்ணனையும் போய்ப் பாருங்கள். வீட்டில் இருப்பது எடிட் செய்த பிரதி: பூ சுழலும் எஃபெக்ட், மேலே முழுக்கச் சினிமாப் பாட்டு. தெருச் சத்தம் அழிந்துபோயிருக்கும். கேமராவிலிருந்து நேராக வந்த டேப்பில் அந்தச் சத்தம் உயிரோடு இருக்கும், பாட்டு உரிமைத் தொல்லையும் குறையும்.

சம்மதக் கடிதம் தமிழில், ஒரு பக்கத்தில் இருக்கட்டும். எந்தக் காட்சி, எதற்காக, எவ்வளவு காலம், டேப் எப்போது திரும்பும். கணவன் மனைவி இருவரிடமும் கேளுங்கள். பிரிந்திருந்தால் தனித்தனியாக.

பழைய வி.எச்.எஸ். கேசட்டை எப்படி டிஜிட்டலாக மாற்றுவது?

பிளேயரில் போடும் முன் கேசட்டின் கண்ணாடி வழியே டேப் சுருளின் ஓரத்தைப் பாருங்கள். கறுப்பாக, பளபளப்பாக இருந்தால் நல்லது. வெள்ளைப் புள்ளி, மாவு தூவிய மாதிரிப் படலம் இருந்தால் பூஞ்சை. கடலோரக் காற்றின் ஈரத்தில் இது சகஜம். அதை அப்படியே ஓட்டினால் பிளேயரின் ஹெட்டில் ஒட்டிக்கொண்டு அடுத்துப் போடும் நல்ல கேசட்டுக்கும் பரவும். மாஸ்க் போட்டுக்கொண்டு, தனி இயந்திரத்தில் சுத்தம் செய்பவரிடம் கொடுங்கள்.

சுத்தமான கேசட்டை முதலில் ஒருமுறை முழுக்க முன்னோக்கி ஓட்டி, திரும்பச் சுற்றுங்கள். பல வருடம் ஒட்டிக் கிடந்த சுருள் தளரும். பிறகு எஸ்-வீடியோ வெளியீடு உள்ள பிளேயர், அதிலிருந்து டைம் பேஸ் கரெக்டர் (டேப் சிக்னலின் ஆட்டத்தைச் சீராக்கும் கருவி), அதிலிருந்து கணினிக்குள் பதிவு செய்யும் கேப்சர் கார்டு. நடுவில் உள்ளதை விட்டுவிட்டால் நேர்க்கோடுகள் நெளியும், ஃப்ரேம்கள் விழும். சில நூறு ரூபாய்க்கு விற்கும் யு.எஸ்.பி. டாங்கிளில் ஒரு மணி நேரம் ஓட்டினால் கடைசியில் தாலி கட்டும்போது நாதஸ்வரம் முன்னே போயிருக்கும். விழுந்த ஃப்ரேம்கள்தான் காரணம்.

அளவு 720க்கு 576, விநாடிக்கு 25 ஃப்ரேம். இன்டர்லேஸை, அதாவது ஒவ்வொரு ஃப்ரேமும் ஒன்றுவிட்ட வரிகளாக இரண்டு ஃபீல்டுகளில் இருப்பதை, அப்படியே வையுங்கள். ப்ரோரெஸ் 422 எச்.க்யூ. என்ற வீடியோ வடிவம் என்றால் மணிக்குச் சுமார் 28 ஜி.பி. மினி டி.வி. (இங்கே டி.வி. என்பது டிஜிட்டல் வீடியோ) கேசட்டுக்கு ஃபயர்வயர் கேபிள் வழியாக எடுங்கள், மணிக்குச் சுமார் 13 ஜி.பி., தரம் துளியும் குறையாது.

வெள்ளத்தில் நனைந்த கேசட்டை வெயிலில் வைக்காதீர்கள், ஓட்டியும் பார்க்காதீர்கள். டிஸ்டில்டு தண்ணீரில் அலசி நிழலில் காற்றாட விட வேண்டும். ஃபிலிம் ரீல் நனைந்தால் நேர் எதிர்: காயவிட்டால் சுற்றுகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். சுத்தமான தண்ணீரிலேயே வைத்து உடனே லேபுக்குக் கொண்டுபோங்கள்.

ஃபிலிம் ரீல் கிடைத்தால்?

புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்கும் ஆசையை அடக்குங்கள். சுருங்கிய ஃபிலிமின் துளைகள் பல்சக்கரத்தில் கிழியும். டப்பாவைத் திறந்ததும் புளித்த வினிகர் வாடை வந்தால் ஃபிலிமின் அடித்தளமான அசிடேட் சிதையத் தொடங்கிவிட்டது. அதை மற்ற ரீல்களிலிருந்து பிரித்து, காற்றோட்டமும் குளிர்ச்சியும் உள்ள இடத்தில் வைத்து, வரிசையில் முதலில் ஸ்கேன் செய்யுங்கள். 1950களின் தொடக்கத்துக்கு முந்தைய 35 எம்.எம். என்றால் அடித்தளம் நைட்ரேட்டாக இருக்கலாம். எளிதில் தீப்பிடிக்கும், பிடித்தால் தண்ணீருக்கும் அணையாது. வீட்டில் வைத்துக்கொள்ள வேண்டாம்.

ஓடும் நேரத்தை முன்பே கணிக்க: 16 எம்.எம். 400 அடி, 24 ஃப்ரேமில் சுமார் 11 நிமிடம். சூப்பர் 8இல் 50 அடி, 18 ஃப்ரேமில் 3 நிமிடம் 20 விநாடி.

டைம்லைனில் போட்டதும் அசிங்கமாகத் தெரிகிறதே?

பெரும்பாலும் மூன்றில் ஒன்று. அசையும் பொருளின் ஓரம் சீப்புப் பல் மாதிரி பிரிந்தால் இன்டர்லேஸ் கோளாறு. ஃபீல்டு வரிசை சரியா பாருங்கள்: மினி டி.வி. கேசட்டின் டிஜிட்டல் வீடியோ ஃபார்மேட்டில் கீழ் ஃபீல்டு முதலில், மற்ற PAL (நம் ஊர் டெலிவிஷன் முறை) டேப்புகளில் பெரும்பாலும் மேல் ஃபீல்டு. பிறகு டீஇன்டர்லேஸ், அதாவது ஃபீல்டுகளை முழு ஃப்ரேமாக்குவது.

ஆட்கள் குண்டாகத் தெரிந்தால் 4:3 காட்சியை 16:9க்கு இழுத்திருக்கிறார்கள். இழுக்காதீர்கள். திரை நிரம்ப வெட்டினால் உயரத்தில் கால் பங்கு போய்விடும், பல சமயம் தலையோ காலோ. 1440க்கு 1080இல் நடுவில் வைத்து இரு பக்கமும் கறுப்பு விடுவதே எங்கள் தேர்வு.

ஆட்கள் பொம்மை மாதிரி வேகமாக நடந்தால் 16 அல்லது 18 ஃப்ரேமில் எடுத்ததை 24இல் ஓட்டுகிறீர்கள். வேகத்தை 66.7 அல்லது 75 சதவீதமாக்குங்கள்.

ஒலி இல்லாத காட்சிக்குச் சத்தம் சேர்க்கலாமா?

பழைய செய்திச் சுருள்களில் பெரும்பாலானவை ஊமையாக எடுத்து, பிறகு ஸ்டுடியோவில் வர்ணனையும் கைத்தட்டலும் சேர்த்தவை. ஆகவே அங்கே கேட்கும் கைத்தட்டலே அசல் அல்ல. அலைச் சத்தம், ரயில் சத்தம் சேர்ப்பதில் யாருக்கும் ஆட்சேபம் இருக்காது. கோஷம் சேர்க்காதீர்கள். 1921 பின்னி மில் போராட்டம் பற்றிய பகுதியில் கூட்டத்தின் வாயில் நீங்கள் எழுதிய கோஷத்தை வைப்பது வரலாற்றில் கை வைப்பது.

ஏ.ஐ. வைத்துத் தெளிவாக்கலாமா, வண்ணம் ஏற்றலாமா?

காட்சியின் புள்ளி இரைச்சலைக் குறைக்க, நடுக்கம் நிறுத்த, சரி. பெரிதாக்கும்போது கவனம்: 20 பிக்சல் அகலமுள்ள முகத்துக்கு மென்பொருள் புது முகம் வரைகிறது. அது யாருடைய அப்பாவும் அல்ல. போர்டு எழுத்தும் தமிழ் மாதிரித் தோன்றும் கிறுக்கலாகிவிடும். வண்ணம் ஏற்றினால் கட்சிக்கொடியின் நிறம் மாறி வம்பில் போய் முடியலாம். அமெரிக்காவில் ஆவணப்பட ஆர்கைவ் தயாரிப்பாளர்களின் கூட்டமைப்பு 2024இல் வெளியிட்ட வழிகாட்டுதலின் சாரமும் இதுதான்: செயற்கையாக உருவாக்கியதை அசல் என்று நினைக்கும்படி விடாதே, பார்ப்பவருக்குச் சொல்லிவிடு.

கைது, என்கவுன்ட்டர், ரவுடி பட்டியல் செய்திக் காட்சிகளைப் போடலாமா?

அவசியமா என்று முதலில் கேளுங்கள். முட்டி போட்டு உட்காரவைத்து எடுத்த காட்சியில் இருக்கும் பையன் பிறகு விடுதலையாகி, இன்று அதே தெருவில் மெக்கானிக் கடை வைத்திருக்கலாம். அவன் பிள்ளை பள்ளிக்கூடம் போகிறது. வழக்கு என்ன ஆனது என்று பார்க்காமல் முகத்தைக் காட்டினால் அவதூறு வழக்கும் வரும். ராஜகோபால் எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில் 1994இல் உச்ச நீதிமன்றம், பொது ஆவணத்தில் உள்ளதை வெளியிடச் சம்மதம் தேவையில்லை என்றது. அதே தீர்ப்பு பாலியல் குற்றத்தில் பாதிக்கப்பட்டவர் போன்றோருக்கு விலக்கும் வைத்தது. 18 வயதுக்குக் கீழே என்றால் சிறார் நீதிச் சட்டத்தின் 74ஆம் பிரிவு அடையாளத்தை வெளியிடத் தடை விதிக்கிறது. காட்சி பழசு, பையன் இப்போது பெரியவன் என்று சமாதானம் சொல்லிக்கொள்ள வேண்டாம். மங்கலாக்குவதானால் முகத்தோடு நிறுத்தாமல் பச்சை குத்திய கை, வீட்டு எண், வண்டி நம்பரையும் சேர்த்து மங்கலாக்குங்கள்.

கதைப்படத்தில் பழைய டி.வி. பெட்டியில் காட்சி ஓட வேண்டும். திரையில் பட்டை ஓடுகிறதே?

பிக்சர் டியூப் பெட்டி விநாடிக்கு 50 ஃபீல்டு காட்டும். கேமராவை 25 ஃப்ரேம், ஷட்டர் 1/50 வையுங்கள், பட்டை நிற்கும். 24இல் எடுத்தே ஆக வேண்டுமென்றால் பச்சைத் திரை ஒட்டிவிட்டு சி.ஜி.யில் சேர்ப்பது சுலபம்.

எல்லாம் முடிந்ததும் என்ன பதிவு வைத்திருக்க வேண்டும்?

ஒவ்வொரு காட்சிக்கும் ஒரு வரி: மூலம், ரீல் அல்லது கேசட் எண், மூலத்தின் டைம்கோட், உங்கள் படத்தில் டைம்கோட், நீளம், உரிமையாளர், லைசென்ஸ் முடியும் நாள், அடையாளம் கண்டது எப்படி. எடிட்டில் பார்வைப் பிரதியை வைத்து வெட்டும் நாளிலேயே இதைத் தொடங்குங்கள். மாஸ்டர் வரும்போது இரு முனையிலும் 24 ஃப்ரேம் கூடுதலாகக் கேளுங்கள், இல்லாவிட்டால் டிசால்வ் (ஒரு காட்சி கரைந்து அடுத்தது வருவது) போட இடமிருக்காது. ஓ.டி.டி. நிறுவனங்கள் இந்தப் பட்டியலையும், உரிமை வழக்கு வந்தால் ஈடுகட்டும் காப்பீட்டையும் சேர்த்துக் கேட்பார்கள்.

கேசட்டை வாங்கிய வீட்டுக்கு அதைத் திருப்பிக் கொடுக்கும்போது, முழு டேப்பையும் மொபைலில் ஓடும் எம்.பி.4 ஆக்கி ஒரு பென் டிரைவில் போட்டுக் கொடுங்கள். நீங்கள் பயன்படுத்திய 8 விநாடியை மட்டும் அல்ல.